140 மோட் போட்டேன்: பாதி லிஸ்டில் இல்லை, மீதி லோடிங்கில் நிற்கிறது

13 ஜனவரி 2023, இரவு 10.40 (கேள்வி)

ஃபார்மிங் சிமுலேட்டர் 22 (பண்ணை நடத்தும் கம்ப்யூட்டர் கேம்) விளையாடுகிறேன். பொங்கல் லீவுக்கு என்று ஒரே நாளில் 140 மோட் (கேமில் புது வண்டி, மேப் எல்லாம் சேர்க்க ரசிகர்கள் செய்து தரும் ஃபைல்) இறக்கி ஃபோல்டரில் போட்டேன். பாதிதான் லிஸ்டில் தெரிகிறது. தெரிந்ததையெல்லாம் டிக் அடித்துப் சேவ் செய்து வைத்த பழைய விளையாட்டைத் திறந்தால் லோடிங்கிலேயே நின்றுவிடுகிறது. கேமை அழித்துவிட்டுத் திரும்பப் போடுவதுதான் ஒரே வழி என்கிறான் நண்பன். முழு கேமையும் மறுபடி இறக்க என் டேட்டா தாங்காது. வேறு வழி இருக்கிறதா?

13 ஜனவரி 2023, இரவு 11.25 (பதில்)

அழிக்காதீர்கள். அழித்தாலும் பலனில்லை. மோட்கள் கேம் இருக்கும் இடத்தில் இல்லை. டாக்குமென்ட்ஸ், அதற்குள் மை கேம்ஸ், அதற்குள் ஃபார்மிங்சிமுலேட்டர்2022, அதற்குள் மோட்ஸ். கேமை நீக்கினால் இந்த ஃபோல்டர் அப்படியே இருக்கும். இரண்டு நாள் செலவழித்துத் திரும்ப இறக்கினாலும் அதே 140 மோட் அங்கே காத்துக்கொண்டிருக்கும்.

இரண்டு பிரச்சினையையும் ஒன்றாகப் பார்க்காதீர்கள். லிஸ்டில் வராதது ஒன்று, லோடிங்கில் நிற்பது வேறொன்று.

லிஸ்டில் வராததற்கு முதல் காரணம் பெயர். ஒரே ஃபைலை இரண்டு தரம் இறக்கினால் பிரவுசர் பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் ஒன்று என்று போடும். அந்த அடைப்புக்குறி ஒன்று போதும், கேம் அதைத் தொடாது. ஆங்கில எழுத்து, எண், அடிக்கோடு, இவ்வளவுதான் பெயரில் வரலாம். இடைவெளி கூடாது, முதல் எழுத்து எண்ணாக இருக்கக் கூடாது. இரண்டாவது காரணம், ஜிப்புக்குள் ஜிப். சில மோட் செய்பவர்கள் மோட்டையும் கையேட்டையும் சேர்த்து ஒரு பெரிய ஜிப்பாகக் கட்டித் தருவார்கள். அதைப் பிரித்து உள்ளே இருக்கும் ஜிப்பை மட்டும் எடுத்துப் போட வேண்டும்.

சரியான ஜிப்பா என்று பார்ப்பது சுலபம். பிரிக்க வேண்டாம், டபுள் கிளிக் செய்து உள்ளே எட்டிப் பாருங்கள். மோட்டெஸ்க் என்ற எக்ஸ்எம்எல் ஃபைல் முதல் பார்வையிலேயே தெரிய வேண்டும். அது தெரியாமல் இன்னொரு ஃபோல்டர் மட்டும் தெரிந்தால் அந்த ஜிப் கேமுக்குப் புரியாது.

மூன்றாவது, 19க்கு (இந்த கேமின் முந்தைய பதிப்பு) செய்த மோட். பெயர் எஃப்எஸ்19 என்று தொடங்கினால் எடுத்து வெளியே வையுங்கள். பெயரை மட்டும் 22 என்று மாற்றினால் வேலை செய்யாது.

14 ஜனவரி 2023, காலை 7.10

தூங்கப் போகும்போதுதான் தோன்றியது, முக்கியமானதைச் சொல்லாமல் விட்டேன் என்று. மோட்ஸ் ஃபோல்டருக்குப் பக்கத்திலேயே லாக் என்று ஒரு டெக்ஸ்ட் ஃபைல் இருக்கும். கேம் ஒவ்வொரு முறை திறக்கும்போதும் அதைப் புதிதாக எழுதும். எது நடந்தாலும் முதலில் அதைத் திறங்கள். என்னிடம் கேட்பதற்கு முன்னாலும் அதைத் திறங்கள்.

ஆரம்பத்தில் உங்கள் கம்ப்யூட்டரின் விவரம் வரும், தாண்டிப் போங்கள். அப்புறம் "அவைலபிள் மோட்" என்று தொடங்கும் வரிகள், ஒவ்வொரு மோட்டுக்கும் ஒன்று. கேம் அந்த ஜிப்பைக் கண்டது, படித்தது என்று அர்த்தம். அதற்கும் கீழே, சேவ் ஃபைலைத் திறந்த பிறகு, "லோட் மோட்" என்ற வரிகள். டிக் அடித்த மோட்கள் மட்டும் இங்கே வரும்.

இந்த இரண்டு இடத்தை வைத்தே பாதி நோயைக் கண்டுபிடித்துவிடலாம். மேலே பெயரே இல்லையா? ஃபைலில் கோளாறு: பெயர், ஜிப், பதிப்பு. மேலே இருந்து, கீழே போகும்போது எர்ரர் வருகிறதா? மோட்டுக்குள்ளேயே கோளாறு. முதல் வகை உங்கள் கையில் சரியாகும். இரண்டாவது வகையை மோட் எழுதியவர்தான் சரிசெய்ய வேண்டும், நீங்கள் எடுத்து வெளியே வைப்பதோடு சரி.

பெயர் தப்பாக இருந்தால் லாக்கே அதைச் சொல்லிவிடும். எந்த எழுத்துகள் அனுமதி என்று முழு வாக்கியமாக எழுதியிருக்கும். நான் இந்த கேமுக்கு வந்த முதல் மூன்று மாதம் இந்த ஃபைல் இருப்பதே தெரியாமல் மோட்களை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டிருந்தேன். அந்த மாலைகளை நினைத்தால் இப்போதும் வருத்தமாக இருக்கிறது.

14 ஜனவரி 2023, காலை 7.35

ஒரு திருத்தம். நேற்று "பிரிக்க வேண்டாம்" என்றேன். பிரித்த ஃபோல்டராகப் போட்டாலும் தனியாக விளையாடும்போது மோட் ஓடும். மோட்டெஸ்க் அந்த ஃபோல்டரின் முதல் அடுக்கிலேயே இருக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் விண்டோஸில் "எக்ஸ்ட்ராக்ட் ஆல்" அழுத்தினால் பல நேரம் ஃபோல்டருக்குள் அதே பெயரில் இன்னொரு ஃபோல்டர் உண்டாகும், மோட்டெஸ்க் இரண்டாம் அடுக்குக்குப் போய்விடும். மல்டிபிளேயரில் ஜிப்பாக இருந்தால்தான் ஏற்கும். அதனால் பிரிக்காமல் வைப்பதே நல்லது. பிரித்தால் ஓடவே ஓடாது என்பதுபோல நான் சொன்னதுதான் தவறு.

14 ஜனவரி 2023, இரவு 9.50

இப்போது லோடிங்கில் நிற்கும் விஷயம். பெயர்களைச் சரிசெய்து 131 வந்துவிட்டது, இன்னும் நிற்கிறது, லாக்கில் எதுவும் புரியவில்லை என்கிறீர்கள். சரி, பாதி பாதியாகப் பிரியுங்கள்.

டெஸ்க்டாப்பில் "நிறுத்தி வைத்தவை" என்று ஒரு ஃபோல்டர். மோட்களில் பாதியை அதற்குள் நகர்த்துங்கள் (டெலீட் வேண்டாம்). மீதியோடு புது விளையாட்டு ஒன்றைத் தொடங்குங்கள். ஓடினால் கோளாறு வெளியே வைத்த பாதியில். நின்றால் உள்ளே இருக்கும் பாதியில். கோளாறு உள்ள பாதியைத் திரும்பப் பாதியாக்குங்கள். 131, 66, 33, 17, 9, 5, 3, 2, 1. எட்டு சுற்று. ஒவ்வொன்றாகப் பார்த்தால் 131 முறை கேமைத் திறந்து மூட வேண்டியிருக்கும்.

சோதனையை உங்கள் பழைய சேவில் செய்யவே செய்யாதீர்கள். எல்ம்கிரீக்கில் (கேமோடு வரும் மேப்) புதிதாக ஒரு பண்ணை தொடங்கி, சோதனை முடிந்ததும் அழித்துவிடுங்கள். ஏன் என்று இன்னொரு நாள் எழுதுகிறேன், அது பெரிய கதை.

15 ஜனவரி 2023, காலை 11.15

பொங்கல் வைத்து முடித்து வந்து பார்த்தால் நீங்கள் ஐந்தாம் சுற்றில் குழம்பி நிற்கிறீர்கள். தவறு என்னுடையது. சில மோட் தனியாக ஓடாது, இன்னொரு மோட்டைச் சார்ந்திருக்கும். பாதி பிரிக்கும்போது தாய் ஒரு பக்கமும் பிள்ளை ஒரு பக்கமும் போனால் நல்ல மோட்டும் கெட்டதுபோலத் தெரியும்.

ஜிப்பைத் திறந்து மோட்டெஸ்க்கை நோட்பேடில் பாருங்கள். டிபெண்டென்சி என்று ஒரு பகுதி இருந்தால் அதற்குள் தாய் மோட்டின் பெயர் எழுதியிருக்கும். அந்த ஜோடிகளை ஒன்றாகவே நகர்த்துங்கள். மேப் மோட்களில் இது அதிகம்.

இன்னொன்று. இரண்டு மோட் தனித்தனியாக ஒழுங்காக ஓடி, சேர்ந்தால் மட்டும் மோதும். அப்போது இரண்டு பாதியும் நன்றாக ஓடும், சேர்த்தால் நிற்கும். அந்த நிலை வந்தால் சொல்லுங்கள்.

15 ஜனவரி 2023, இரவு 8.30

அந்த நிலைதான் வந்திருக்கிறது. நீங்கள் போட்ட லாக் துண்டைப் பார்த்தேன். ஒரே மோட் இரண்டு பெயரில் இருக்கிறது, கவனித்தீர்களா? ஒன்று மோட்ஹப் என்ற அதிகாரபூர்வ மோட் தளத்தில் இருந்து வந்தது. மற்றது வேறெங்கோ யாரோ பெயர் மாற்றித் திரும்ப ஏற்றியது, பின்னால் "நியூ" சேர்த்திருக்கிறார்கள். உள்ளே இருக்கும் லுவா ஸ்கிரிப்ட் (மோட்டை இயக்கும் நிரல்) ஒன்றுதான். இரண்டும் ஒரே வேலையை ஒரே நேரத்தில் செய்யப் போய் முட்டிக்கொள்கின்றன.

கேமுக்கு மோட்டின் அடையாளம் அந்த ஜிப்பின் பெயர்தான். பெயர் வேறு என்றால் வேறு மோட் என்றே எடுத்துக்கொள்ளும். இதனால்தான் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் மோட்டின் பெயரை நாமாக மாற்றவும் கூடாது. மாற்றினால் சேவில் இருக்கும் டிராக்டருக்குத் தன் மோட் எது என்று தெரியாமல் போகும்.

மோட்ஹப் கேமைச் செய்த ஜெயண்ட்ஸ் நிறுவனமே நடத்துவது, சோதித்த பிறகுதான் வெளியிடுகிறார்கள். கேமின் மெனுவில் இருந்தே இறக்கலாம், பெயர்ப் பிரச்சினையும் இல்லை. புதிதாக வருபவர்கள் ஓர் ஆறு மாதம் அங்கேயே இருங்கள் என்பேன். வெளியில் நல்ல மோட் இல்லை என்று சொல்லவில்லை. அருமையான மேப் சில மோட் செய்பவர்களின் சொந்தப் பக்கத்தில் மட்டுமே கிடைக்கும். அங்கே போய் எடுங்கள். நடுவில் நின்று அடுத்தவர் உழைப்பைத் திரும்ப ஏற்றி விளம்பரக் காசு பார்க்கும் தளங்களில் எடுக்காதீர்கள். மோட் என்று இறக்கியதற்குள் இஎக்ஸ்இ ஃபைல் இருந்தால் அந்த நிமிடமே அழித்துவிடுங்கள். இந்த கேமின் மோட்டுக்கு அது தேவையே இல்லை.

22 ஜனவரி 2023

பெரிய கதை என்றேனே, அது.

போன வருடம் ஓ-பெய்லரோன் மேப்பில் ஒரு பண்ணை வைத்திருந்தேன். திராட்சை, ஆலிவ், கீழ்ப்பக்கம் சோளம். (22 வெளிவந்தபோது புதிதாக வந்த பயிர்கள் இந்த மூன்றும்தான். மக்காச்சோளம் முன்பே இருந்தது, நான் சொல்வது வெள்ளைச் சோளம்.) விலை ஏறட்டும் என்று மோட்டில் வாங்கிய ஒரு பெரிய குதிரில் 1,80,000 லிட்டர் சோளத்தைச் சேர்த்துவைத்திருந்தேன்.

ஒரு நாள் இரவு மோட்ஸ் ஃபோல்டரைச் சுத்தம் செய்தேன். பயன்படுத்தாதவை என்று நினைத்துக் கொஞ்சம் வெளியே எடுத்தேன், அதில் அந்தக் குதிரும் போய்விட்டது. சேவ் ஃபைலைத் திறந்தபோது சில மோட்கள் இல்லை என்று ஒரு பட்டியல் வந்தது. படிக்காமல் தொடரச் சொன்னேன். பண்ணை திறந்தது. குதிர் நின்ற இடத்தில் வெறும் தரை. வண்டிகள் எல்லாம் அப்படியே நின்றன, அறுவடை மிஷினின் விளக்குகூட எரிந்துகொண்டிருந்தது, நடுவில் மட்டும் ஒரு சதுரம் காலி. அது என்ன என்று யோசித்துக்கொண்டே நின்றேன். அதற்குள் ஆட்டோசேவ் ஓடிவிட்டது.

சேவ் செய்யாமல் வெளியே வந்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. ஃபைல் பழையபடியே இருந்திருக்கும். சேவ் ஆனதும் குதிர் இல்லாத பண்ணைதான் உண்மை ஆகிவிட்டது. மோட்டைத் திரும்பப் போட்டாலும் கடையில் புதுக் குதிர் வாங்கலாம், உள்ளே இருந்த சோளம் வராது.

காப்பாற்றியது சேவ்கேம்பேக்கப் என்ற ஃபோல்டர். மை கேம்ஸில் அதே இடத்தில்தான் இருக்கும். சேவ் ஆகும்போதெல்லாம் கேமே ஒரு பிரதியைத் தேதி, நேரத்தோடு அங்கே போட்டுவைக்கிறது. முந்தைய பிரதியை எடுத்து சேவ்கேம்1க்குள் இருந்தவற்றின் மேல் போட்டேன். கேமை மூடிவிட்டுச் செய்ய வேண்டும், மோட்டை முதலில் பழைய பெயரிலேயே திரும்ப வைத்துவிட வேண்டும். சோளம் வந்தது. அன்று தூங்கும்போது மணி இரண்டு.

அதிலிருந்து எந்த மோட்டை எடுக்கும் முன்னும் சேவ் ஃபோல்டருக்குள் போய் வெஹிக்கிள்ஸ், பிளேசபிள்ஸ் என்ற இரண்டு எக்ஸ்எம்எல் ஃபைலையும் நோட்பேடில் திறந்து, அந்த மோட்டின் பெயரைத் தேடுகிறேன். பெயர் வந்தால் பண்ணையில் அந்தப் பொருள் எங்கோ நிற்கிறது என்று அர்த்தம். முதலில் கேமுக்குள் போய் விற்றுவிட்டு, அப்புறம்தான் ஜிப்பில் கை வைப்பேன்.

23 ஜனவரி 2023

பேக்கப் பற்றி ஒரு வரி விட்டுவிட்டேன். அந்தப் பிரதியில் சேவ் மட்டும்தான் இருக்கும், மோட் இருக்காது. மோட்ஸ் ஃபோல்டரைத் தனியாக ஒரு பென்டிரைவில் வையுங்கள். மோட் புதுப்பிக்கும்போது பழைய ஜிப்பையும் ஒரு மாதம் வைத்திருங்கள். சில மேப்களின் புதுப் பதிப்புக்குப் புதுச் சேவ் தேவைப்படும். அதை விவரத்தில் எழுதியிருப்பார்கள், நாம்தான் படிப்பதில்லை.

டாக்குமென்ட்ஸ் ஃபோல்டர் கிளவுட் சேமிப்போடு இணைந்திருக்கிறதா என்றும் பாருங்கள். என் லேப்டாப்பில் இடத்தை மிச்சப்படுத்த அது மோட்களை மேலே ஏற்றிவிட்டு இங்கே வெறும் பெயரை மட்டும் விட்டுவைத்திருந்தது. பார்த்தால் ஜிப் இருப்பதுபோலவே இருக்கும், உள்ளே எதுவும் இல்லை.

5 பிப்ரவரி 2023

வேறொருவர் கேட்டிருக்கிறார், லாக்கில் ஒரு வார்னிங்கூட இல்லாமல் செய்ய முடியுமா என்று. முன்பு நானும் அப்படித்தான் நினைத்தேன். லாக் துடைத்துவைத்ததுபோல இருக்க வேண்டும் என்று நல்ல மோட்களைக்கூடத் தூக்கி எறிந்திருக்கிறேன். இப்போது அப்படி நினைக்கவில்லை.

வார்னிங்கில் பெரும்பாலானவை மோட் எழுதியவருக்கான குறிப்புகள். டெக்ஸ்சரை (வண்டி, கட்டடத்தின் மேல் போர்த்தும் படம்) சுருக்காமல் போட்டிருக்கிறார், அதனால் மெமரி கூடுதலாகத் தின்னும் என்பதுபோல. ஒன்றிரண்டு இருந்தால் கவலை வேண்டாம். ஒரே மோட்டில் ஐம்பது வந்தால், 8 ஜிபி ராம் வைத்திருப்பவர் யோசிக்க வேண்டும். ஏதோ ஒரு சவுண்டு ஃபைல் இல்லை என்று எர்ரர் வந்தால் அந்தச் சத்தம் வராது, அவ்வளவுதான்.

பயப்பட வேண்டியது லுவா எர்ரருக்கு. "ரன்னிங் லுவா மெத்தட்" என்று தொடங்கி, பக்கத்தில் "அப்டேட்" என்று இருந்தால் அது ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் திரும்பத் திரும்ப நடக்கிறது. கேம் திக்கித் திக்கி ஓடும், லாக் ஊதிக்கொண்டே போகும். எனக்கு ஒரு முறை ஒரு மணி நேரத்தில் நோட்பேடே திறக்க முடியாத அளவுக்குப் பெருத்துவிட்டது. அந்த வரிக்குக் கீழே ஃபைலின் பாதை வரும், அதில் மோட்ஸ் என்ற சொல்லுக்கு அடுத்து இருக்கும் பெயர்தான் குற்றவாளி. கடைசியாக வரும் எர்ரரைப் பார்க்காதீர்கள், முதலில் வந்ததைப் பாருங்கள். முதல் எர்ரர் உடைத்ததைத்தான் பின்னால் வருபவை சொல்லிக்கொண்டிருக்கும்.

லாக்கைக் கேமுக்குள்ளேயே பார்க்க ஒரு வழி உண்டு. அதே இடத்தில் கேம் என்ற எக்ஸ்எம்எல்லில் டெவலப்மென்ட் பகுதிக்குள் கன்ட்ரோல்ஸ் என்பதை ஃபால்ஸில் இருந்து ட்ரூ ஆக்குங்கள். கீபோர்டில் எண் ஒன்றுக்கு இடப்பக்கம் இருக்கும் கீயை அழுத்தினால் லாக் திரையிலேயே ஓடும். புது மோட் டிராக்டரை வாங்கி, ஏறி, விளக்கு போட்டு, கலப்பை மாட்டி, இறக்கி, ஏற்றி, விற்று, ஒவ்வொரு அடியிலும் ஏதாவது வரி வருகிறதா என்று பார்ப்பேன். பத்து நிமிடம்தான். அதற்குப் பிறகுதான் என் பண்ணைக்குள் விடுவேன்.

26 பிப்ரவரி 2023

அக்கா மகனும் நானும் சேர்ந்து விளையாடத் தொடங்கியிருக்கிறோம். இரண்டு பேரிடமும் அதே மோட், அதே பதிப்பு, ஆனாலும் அவனால் என் பண்ணைக்குள் வர முடியவில்லை. அரை நாள் தேடினோம். கடைசியில் அவன் ஜிப்பைத் திறந்து ஒரு டிராக்டரின் விலையை மட்டும் குறைத்து எழுதியிருந்தான்! ஜிப்புக்குள் ஓர் எழுத்து மாறினாலும் அதன் ஹேஷ் (உள்ளே இருப்பதை வைத்துக் கணக்கிடும் அடையாளம்) மாறிவிடும், கேமைப் பொறுத்தவரை இரண்டும் ஒன்றல்ல. லாக்கின் அவைலபிள் மோட் வரிகளில் ஒவ்வொரு பெயருக்கும் பக்கத்தில் இருக்கும் நீளமான எழுத்துக் கோவை அதுதான். இரண்டு பேர் லாக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு நிமிடத்தில் தெரிந்திருக்கும்.

இதை எழுதும்போதுதான் முன்பு வேறொருவருக்குச் சொன்னது நினைவுக்கு வருகிறது. டிக் அடிக்காத மோட்டால் எந்தச் சுமையும் இல்லை என்றேன். விளையாட்டுக்குள் இல்லைதான். ஆனால் கேம் திறக்கும்போது ஃபோல்டரில் இருக்கும் எல்லா ஜிப்பையும் படித்து ஹேஷ் கணக்கிடுகிறது, 200 மோட் இருந்தால் மெனு வரவே நேரமாகும். ஒவ்வொரு மேப்புக்கும் தனி மோட் ஃபோல்டர் வைத்துக்கொள்ளலாம். கேம்செட்டிங்ஸ் எக்ஸ்எம்எல்லில் மோட்ஸ் டைரக்டரி ஓவர்ரைடு என்ற வரியில் ட்ரூ என்று மாற்றி, ஃபோல்டரின் பாதையைக் கொடுத்தால் போதும். நான் மூன்று ஃபோல்டர் வைத்திருக்கிறேன்.

11 மார்ச் 2023

மோட் எல்லாம் ஏமாற்று வேலை, கேமை அது வந்தபடியே விளையாட வேண்டும் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். எனக்கு இதில் உடன்பாடே இல்லை. 22இல் நாம் பார்க்கும் பருவ காலம், மாதத்துக்கு ஏற்ற விதைப்பு, பனி, இதெல்லாம் 19இல் கேமோடு வரவில்லை. ரியலிஸ்மஸ் மாடிங் என்ற குழு சீசன்ஸ் என்ற மோட்டாகத்தான் அதைச் செய்து தந்தது, 17 காலத்திலேயே. சம்பளம் வாங்காமல் அவர்கள் காட்டிய பிறகு, கேமே பருவங்களோடு வந்தது. வண்டிகளைத் தானாக ஓட்டும் மோட்களான கோர்ஸ்பிளே, ஆட்டோடிரைவ் இரண்டும் அப்படித்தான், பல வருடமாகப் பல பேர் கையால் வளர்ந்தவை. எர்ரர் வந்தால் திட்டி எழுதுகிறோமே, அந்த இடத்தில் லாக்கை இணைத்து, எந்த மேப், என்ன செய்தபோது வந்தது என்று நாலு வரி எழுதினால் அடுத்த பதிப்பில் சரியாகிவிடும். எனக்கு இரண்டு முறை அப்படி ஆகியிருக்கிறது.

24 நவம்பர் 2024

இந்தப் பக்கத்தை இப்போதும் சிலர் தேடி வருகிறார்கள் என்பதால் ஒரு குறிப்பு. இந்த மாதம் 12ஆம் தேதி ஃபார்மிங் சிமுலேட்டர் 25 வந்துவிட்டது. 22இன் மோட் எதுவும் இதில் ஓடாது. ஃபோல்டர் வேறு, பெயர் எஃப்எஸ்25 என்று தொடங்கும். மோட்டெஸ்க்கில் பதிப்பு எண்ணை மட்டும் மாற்றினால் ஓடும் என்று ஒரு வீடியோ சுற்றுகிறது. லிஸ்டில் வந்துவிடும்தான், வண்டியை வாங்கியதும் லாக்கில் எர்ரர் கொட்டும். கேமை இயக்கும் எஞ்சினே மாறியிருக்கிறது, மோட் எழுதியவர் மாற்றித் தரும்வரை காத்திருங்கள்.

நான் இன்னும் ஒரு மோட்கூடப் போடவில்லை. ஹுட்டான் பன்ட்டாய் மேப்பில் நெல் வந்திருக்கிறது. வயலில் தண்ணீர் கட்டி, நாற்றை நடவு மிஷினில் ஏற்றி, வரிசையாக நட்டுப் போகும்போது அப்பாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "வரப்பு ஓரம் ஒரு சால் விட்டுப்போச்சு பாரு" என்றார். திரும்பிப் போய் நட்டேன்.

25 நவம்பர் 2024

முதலில் கேள்வி கேட்ட நண்பருக்கு: ஆமாம், பழைய 131 மோட்டையும் 22இன் ஃபோல்டரிலேயே விடுங்கள். 25க்கு நகல் எடுக்க வேண்டாம். சேவ் செய்த அந்தப் பழைய பண்ணையை இன்னும் விளையாடுகிறீர்கள் என்றால் பென்டிரைவில் ஒரு பிரதி இருக்கிறதா என்று இன்றே பார்த்துவிடுங்கள்.